நடுக்கம்பம்

க்யிம்யிண்டைங், யாங்கோன்
12 ஜனவரி 2003

தம்பி கிறிஸ்டோபர்,

அக்கா இராஜகுமாரி எழுதுகிறேன். கையெழுத்தை மறந்திருப்பாய் என்பதால் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பதினான்கு வருஷமாக ஒரு வரி எழுதாதவள் எழுதுகிறாளே, யார் செத்தார்கள் என்று பதறாதே. இன்னும் யாரும் சாகவில்லை.

இதைத் தபாலில் போடவில்லை. மூன்றாவது வீட்டு நூர் பீவியின் மருமகன் மாதம் ஒரு தடவை சரக்கு எடுக்க பாங்காக் போகிறார். அங்கிருந்து உனக்கு அனுப்புவார். நீயும் உறையின் பின்னால் இருக்கும் பாங்காக் விலாசத்துக்கே போடு. கிறிஸ்துமஸுக்கு என் மகள் ஷாரோனுக்கு நீ எழுதுவதெல்லாம் இங்கே பிரித்து ஒட்டித்தான் வருகிறது. வெறும் ரயில் கதை என்பதால் விட்டுவிடுகிறார்கள். போனைப் பற்றிக் கேட்கவே வேண்டாம், நாம் இரண்டு பேர் பேசினால் மூன்று பேர் கேட்பார்கள்.

உன் அத்தானுக்கு இரண்டு சிறுநீரகமும் போய்விட்டன. இந்த வருஷத்தைத் தாண்டாது என்று டாக்டர் டோ ச்சோ ச்சோ என்னைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னார். அவருக்கும் தெரியும் என்று நினைக்கிறேன். போன வாரம் கஞ்சி குடித்துக்கொண்டே, "ராஜி, பெட்டி தூக்க ஆறு பேர் வேணும். எனக்கு ரெண்டு பேர்கூடத் தேற மாட்டாங்க, பாரு" என்று சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

விஷயத்துக்கு வருகிறேன். 1989-ல் எல்லை முகாமிலிருந்து நீ தங்கவேலுவின் அண்ணன் ரெங்கசாமிக்கு ஒரு கடிதம் எழுதினாய். "ரயில்வே வேலைநிறுத்தத்தில் இருந்த எங்கள் நாலு பேரையும் போலீஸில் காட்டிக்கொடுத்தது என் அக்காள் புருஷன் சிங்கராயர்தான்" என்று எழுதினாய். ரெங்கசாமி அதை பிளாஸ்டிக் உறை போட்டு வைத்திருக்கிறார். இந்தக் கோயில் பங்கில் அதைப் படிக்காத தமிழன் இல்லை. சொந்த மச்சினனே எழுதிய பிறகு யார் சந்தேகப்படுவார்கள்? அன்றைக்கு முதல் இவருக்குப் பெயர் தலான். காட்டிக்கொடுப்பவனுக்கு பர்மாக்காரன் வைத்த பெயர் அது, உனக்கே தெரியும்.

அவர் யாரையும் காட்டிக்கொடுக்கவில்லை. அந்தக் கடிதத்தில் எழுதியது தவறு என்று உன் கைப்பட இன்னொரு கடிதம் ரெங்கசாமிக்கு எழுது. உன் அத்தான் உயிரோடு இருக்கும்போதே எழுது. உன்னிடம் நான் வேறு எதுவும் கேட்கவில்லை.

இராஜகுமாரி


மில்பரி, பென்சில்வேனியா
23 பிப்ரவரி 2003

அன்புள்ள அக்கா,

கடிதம் வந்தது. பிரிக்காமல் இரண்டு நாள் வைத்திருந்தேன். அத்தானின் உடம்பைப் பற்றிப் படித்தபோது வருத்தமாக இருந்தது. அதை நம்புங்கள்.

ஆனால் நீங்கள் கேட்பதை நான் எப்படி எழுத முடியும்? நடந்ததை வரிசையாகச் சொல்கிறேன், தவறு இருந்தால் காட்டுங்கள். 1988 ஆகஸ்டில் உங்கள் வீட்டுச் சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்துதான் கமிட்டிப் பட்டியலை எழுதினேன். தங்கவேலு, அப்துல் பாரி, குழந்தைவேலு, நான். அத்தான் எதிரே உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். ராணுவம் ஆட்சியைப் பிடித்த பிறகு, செப்டம்பர் 20 அன்று, இரண்டு தாளையும் உங்கள் கரி அடுப்பில் போட்டு எரித்தேன். நீங்களே கிளறிவிட்டீர்கள். 22 அன்று நான் படகேறினேன். 24 அன்று காலை அத்தானைக் கொண்டுபோனார்கள், அன்று இரவே மற்ற மூன்று பேரையும் அவரவர் வீட்டில் பிடித்தார்கள். அவர்களுக்கு ஏழு வருஷம். அத்தானுக்குப் பத்தொன்பது நாள். எரித்த தாள் பேசாது, அக்கா. அப்படியானால் பேசியது யார்?

குழந்தைவேலு உள்ளேயே இறந்தான். என்னோடு ஒரே மேஜையில் குட்ஸ் ஆபீஸில் வேலை பார்த்தவன். அவன் அம்மாவுக்கு, யாரும் காட்டிக்கொடுக்கவில்லை, தானாக நடந்தது என்று எழுதச் சொல்கிறீர்களா?

வேறு பேசுவோம். ஷாரோன் கேட்டிருந்தாள், அவளிடம் சொல்லுங்கள். வாரநாளில் அட்டைப்பெட்டித் தொழிற்சாலை, சனிக்கிழமை பழைய ரயில் நிலையத்தில் இருக்கும் மியூசியம். இந்த ஊர் ரயில் கம்பெனியின் வரலாற்றைச் சின்னப் புத்தகமாகப் போடுகிறார்கள். காகிதம் பார்க்கத் தெரிந்தவன் என்று என்னையும் சேர்த்துக்கொண்டார்கள். அமெரிக்காவில் ரயில் வந்த புதிதில் பள்ளத்தாக்குக்கு ஒரு கம்பெனி. இது மில்பரி அண்ட் ஹாலோ க்ரீக் கம்பெனி. 1832-ல் மாவு மில்காரர்களும் நிலக்கரி வியாபாரிகளும் கூடி ஆரம்பித்தது. இருபத்தாறு மைல், ஒற்றைத் தடம். முதல் நாலு வருஷம் குதிரைதான் இழுத்தது. தண்டவாளம் மரம், மேலே இரும்புப் பட்டை வைத்து ஆணி அடித்திருப்பார்கள். ஆணி கழன்றால் பட்டை சுருண்டு எழும்பி, ஓடுகிற வண்டியின் பலகையைக் குத்திக்கொண்டு பயணியின் காலடியில் வந்து நிற்கும்.

தந்தி கிடையாது. எதிரே வண்டி வருகிறதா என்று கேட்க வழியில்லை. அதனால் வண்டி ஒதுங்கி நிற்கும் கிளைத் தடமான லூப் லைன் இரண்டுக்கு நடுவில் ஒரு கம்பம் நட்டார்கள். ஒற்றைத் தடத்தில் இரண்டு வண்டி எதிரெதிரே வந்துவிட்டால், கம்பத்தை முதலில் தாண்டியது எதுவோ அதற்கு வழி. மற்றது பின்வாங்கி லூப் லைனுக்குள் போக வேண்டும். எஞ்சின் மக்கர் செய்தால் பயணிகள் இறங்கித் தள்ள வேண்டும். டிரைவர்களுக்குப் பின்வாங்குவது பெரிய மானக்கேடு. அதனால் கம்பத்தைப் பிடிக்கக் கண்மண் தெரியாமல் ஓட்டுவார்கள்.

1841 நவம்பரில் பயணிகள் வண்டி கம்பத்தைத் தாண்டி வந்துவிட்டது. எதிரே வந்த நிலக்கரி வண்டி பின்வாங்கவில்லை. ஏழு பேர் செத்தார்கள். நிலக்கரி வண்டி டிரைவர் பாட்ரிக் கெரிகனும் அதில் ஒருவர். அவர் குடித்திருந்தார் என்று கம்பெனி எழுதிவைத்தது. ஊர்க் கல்லறையில் இடம்கூடக் கொடுக்கவில்லை. யார் பார்த்தது என்று தேடினால் ஒரு சாட்சியின் பெயரும் இல்லை. சரியாக விசாரிக்காமல் ஒரு மனிதனை இப்படியா எழுதுவது என்று எனக்கு ஆறவில்லை. அந்த ஆளுக்காக இன்னும் தேடிக்கொண்டிருக்கிறேன்.

தங்கள் தம்பி
கிறிஸ்டோபர்


க்யிம்யிண்டைங்
6 ஏப்ரல் 2003

கிறிஸ்டோபர்,

உன் கடிதத்தின் கடைசிப் பத்தியை நீயே ஒரு தடவை சத்தம்போட்டுப் படித்துப் பார். நூற்று அறுபது வருஷத்துக்கு முன்னால் செத்த வெள்ளைக்காரனுக்காக உனக்கு ஆறவில்லையாம். சாட்சி இல்லாமல் எழுதிவிட்டார்களாம். இங்கே ஒரு மனுஷன் சாட்சி இல்லாமல் பதினான்கு வருஷமாகத் தலைகுனிந்து நடக்கிறார். அவரைப் பற்றி எழுதியது எந்தக் கம்பெனி?

பத்தொன்பது நாள் என்று சுலபமாக எழுதிவிட்டாய். அந்தப் பத்தொன்பது நாளை நான் சொல்கிறேன், கேள். போகும்போது இரண்டு காதும் கேட்ட மனுஷன். வரும்போது வலது காது செத்துப்போயிருந்தது. ஒரு மாதம் மல்லாந்து படுக்க முடியாமல் குப்புறப் படுத்தார். கியாக்டடாவில் கப்பல் ஏஜென்ட் ஆபீஸில் பதினொரு வருஷம் கிளார்க்காக இருந்தவரை, இனி வரவேண்டாம் என்று பியூனிடம் சொல்லி அனுப்பினார்கள். வீட்டில் டைப்ரைட்டிங் சொல்லிக்கொடுக்கப் போர்டு மாட்டினார். உன் கடிதம் வந்த பிறகு ஒரு பிள்ளையும் வரவில்லை. போர்டைக் கழற்றிக் கோழிக்கூண்டுக்குக் கதவாக வைத்தேன்.

அன்று வீட்டுக்கு வந்தவர்கள் எதை விட்டுவைத்தார்கள்? ஷாரோனின் ஸ்லேட்டு, அம்மாவின் ஜெபப் புத்தகம், அலமாரி மேலே கிடந்த பழைய புத்தகம் நோட்டு எல்லாவற்றையும் அரிசிச் சாக்கில் அள்ளிக்கொண்டு போனார்கள். ஐந்து வயசுப் பிள்ளை ஸ்லேட்டுக்காக அழுதது. இதையெல்லாம் பார்க்க நீ இல்லை. நீ படகில் இருந்தாய்.

பூசைக்குப் போனால் நாங்கள் உட்காரும் பெஞ்சில் வேறு யாரும் உட்கார மாட்டார்கள். எங்கள் மூன்று பேருக்கு எட்டுப் பேர் பெஞ்சு. ஷாரோன் லைங் தாயாவில் தையல் ஃபாக்டரி ஆபீஸில் இருக்கிறாள். ஒரு நல்ல இடத்திலிருந்து பெண் கேட்டு வந்தார்கள். தட்டு மாற்ற நாள் பார்த்த பிறகு ரெங்கசாமி வீட்டுக்குப் போய் அந்தக் கடிதத்தைப் படித்துவிட்டு வந்து, வேண்டாம் என்றார்கள். அவள் எனக்கு முன்னால் அழவில்லை. ஃபாக்டரி பஸ்ஸில் அழுதிருப்பாள்.

நான் உன்னிடம் கெஞ்சவில்லை. எழுது என்று சொல்கிறேன்.

இராஜகுமாரி


மில்பரி
2 மே 2003

அக்கா,

நீங்கள் பட்ட கஷ்டம் எல்லாம் உண்மையாகவே இருக்கட்டும். கஷ்டப்பட்டவன் தப்பு செய்திருக்க மாட்டான் என்று ஆகாது. அடி தாங்காமல் பெயர்களைச் சொல்லியிருப்பார். நானாக இருந்தாலும் சொல்லியிருப்பேன். அதை அவரே ஒரு தடவை ஒத்துக்கொண்டிருந்தால் நான் என்றைக்கோ மறந்திருப்பேன்.

இங்கே பர்மாவிலிருந்து தப்பி வந்த எங்கள் ஆட்கள் கூடும்போது என்னை மேடையில் உட்காரவைக்கிறார்கள். குழந்தைவேலுவின் படத்துக்கு நான்தான் மெழுகுவத்தி ஏற்றுகிறேன். அந்தப் படத்துக்கு முன்னால் நின்றுகொண்டு நான் மாற்றிப் பேச முடியாது.

ஒன்று மட்டும் கேட்கிறேன். இதைக் கேட்பது அத்தானா, நீங்களா?

இனி இதைப் பற்றி எழுத வேண்டாம்.

கிறிஸ்டோபர்


க்யிம்யிண்டைங்
29 ஜூன் 2003

தம்பி,

நான்தான் கேட்கிறேன். நான் உனக்கு எழுதுவதே அவருக்குத் தெரியாது. தெரிந்தால் திட்டுவார்.

எழுத வேண்டாம் என்றாய். இரண்டு மாதமாக எழுதாமல்தான் இருந்தேன். மழை பிடித்துவிட்டது. அவர் கால் வீங்கி, லோன்ஜி முடிச்சைக்கூட நான்தான் போட்டுவிடுகிறேன். நேற்று ஷாரோன் அவருக்கு உன் கிறிஸ்துமஸ் கடிதங்களைப் படித்துக் காட்டினாள். இடது காதுப் பக்கம் உட்கார்ந்து சத்தமாகப் படித்தாள். குதிரை இழுத்த ரயில் என்றதும் சிரித்தார். "உங்க மாமனுக்கு ரயில்னா உசிரு. நல்லபடியா இருக்கட்டும்" என்றார். உன்னைப் பற்றி ஒரு கெட்ட வார்த்தை அவர் வாயிலிருந்து வந்து நான் கேட்டதில்லை. எனக்கு அதுதான் ஆத்திரம்.

உன் நடுக்கம்பத்தைப் பற்றி யோசித்துக்கொண்டே இருக்கிறேன். நான்தான் கம்பத்தைத் தாண்டினேன் என்று நானும் நிற்கிறேன், நீயும் நிற்கிறாய். பின்வாங்கினால் மானம் போய்விடும். பயணிகள் இறங்கித் தள்ளுவார்கள் என்று எழுதியிருந்தாயே, இங்கே தள்ளவும் ஆள் இல்லை. அம்மா இருந்திருந்தால் உன் முதுகில் இரண்டு போட்டுத் தள்ளியிருப்பாள். அவளும் போய் நாலு வருஷம் ஆகிறது.

வார்டு ஆபீஸ்காரன் வந்து, அமெரிக்காவில் யார் இருக்கிறார்கள் என்று கேட்டுவிட்டுப் போனான். தூரத்துச் சொந்தம் என்றேன். சொல்லும்போது பொய் என்றே தோன்றவில்லை.

அக்கா


மில்பரி
17 ஆகஸ்ட் 2003

அன்புள்ள அக்கா,

தூரத்துச் சொந்தம் என்ற வார்த்தையைப் பல தடவை படித்தேன். இதை எழுதுவது வேறு ஒரு காரணத்துக்காக.

கெரிகன் விஷயத்தில் உண்மை கிடைத்துவிட்டது. கம்பெனியின் சூப்பரிண்டெண்ட் வீலர் என்று ஒருவர். விபத்து நடந்த அன்று காலை அவர் கெரிகனுக்கு எழுத்தில் ஒரு உத்தரவு கொடுத்திருக்கிறார். இரும்பு ஆலைக்கு நேரத்துக்கு நிலக்கரி போய்ச் சேர வேண்டும், கம்பத்துக்கு எந்தப் பக்கம் எதிர்வண்டி வந்தாலும் இன்று பின்வாங்கக் கூடாது என்று உத்தரவு. கெரிகன் செத்த அன்று மாலையே வீலர் அவர் வீட்டுக்குப் போய், சட்டைப்பையில் இருந்த அந்தத் தாளை மனைவியிடமிருந்து வாங்கி அங்கேயே விளக்கில் காட்டி எரித்திருக்கிறார். அந்த அம்மாள் சாகும்வரை இதைச் சொல்லிக்கொண்டே இருந்தாராம். எழுதப்படிக்கத் தெரியாதவர் என்று ஒருவரும் நம்பவில்லை.

போன சனிக்கிழமை பரணிலிருந்து ஒரு பெட்டியை இறக்கினோம். உள்ளே கம்பெனியின் நகல் புத்தகங்கள். அந்தக் காலத்தில் ஒரு கடிதத்தை அனுப்பும் முன்னால், வெங்காயச் சருகு மாதிரி மெல்லிய ஈரத்தாளோடு சேர்த்து இரும்பு அழுத்தியில் வைத்துத் திருகுவார்கள். மை அந்தத் தாளில் இறங்கிவிடும். எழுதியவர் நினைக்க வேண்டாம், சொல்ல வேண்டாம், ஆபீஸ் வழக்கம் தானாக ஒரு நகலை எடுத்து வைத்துவிடும். வீலர் உத்தரவை எரித்தார். புத்தகத்தில் நகல் இருப்பது அவருக்கு நினைவு வரவில்லை. தினமும் செய்கிற காரியம் யாருக்கு நினைவில் நிற்கும்?

இதை மியூசியத்துக்காரர்களுக்கு விளக்கிக்கொண்டிருந்தேன். "எரித்துவிட்டோம் என்று அவர் நினைத்தார்" என்று சொல்லும்போது உங்கள் கரி அடுப்பு நினைவுக்கு வந்தது.

18 ஆகஸ்ட்

நேற்று எழுத முடியவில்லை. எழுந்து போய்விட்டேன். இன்று சொல்லிவிடுகிறேன்.

குட்ஸ் ஆபீஸில் நாங்கள் எதையும் ஒரு தாளில் எழுத மாட்டோம். சரக்குச் சீட்டுப் புத்தகம் மூன்று மூன்று தாளாக இருக்கும், நடுவில் இரண்டு கார்பன். முதல் தாள் சரக்கு அனுப்புகிறவருக்கு, இரண்டாவது வண்டியோடு போகும். அந்த இரண்டையும் கிழிக்கலாம். மூன்றாவது தாளைக் கிழிக்கக் கூடாது, அது புத்தகத்திலேயே தைத்திருக்கும். வேலைக்குச் சேர்ந்த முதல் நாளே, மூன்றாவதைக் கிழித்தால் வேலை போகும் என்று சொல்லித்தான் உட்காரவைத்தார்கள். கடைக்குச் சாமான் எழுதக்கூடக் கை தானாக அந்தக் கார்பனைச் சொருகும்.

பட்டியலை நான் அந்தப் புத்தகத்தில்தான் எழுதினேன், அக்கா. வேறு காகிதம் கையில் இல்லை. எரித்தது இரண்டு தாள். பிப்ரவரிக் கடிதத்தில் நானே எழுதியிருக்கிறேன், இரண்டு தாளையும் எரித்தேன் என்று. அதை எழுதும்போதுகூட எனக்கு உறைக்கவில்லை.

பழுப்பு அட்டை போட்ட நீளப் புத்தகம். உங்கள் அலமாரி மேலே வைத்ததாக நினைவு. நிச்சயமாகத் தெரியவில்லை. வேறு எங்காவது வைத்திருக்கலாம். ஆபீஸுக்கே எடுத்துப் போயிருக்கலாம். அத்தானைக் கேளுங்கள், அந்தப் புத்தகத்தை அவர் பார்த்தாரா என்று. அவர் சொல்வது எதுவாக இருந்தாலும் எனக்கு எழுதுங்கள்.

கிறிஸ்டோபர்


க்யிம்யிண்டைங்
14 செப்டம்பர் 2003

கிறிஸ்டோபர்,

கேட்டேன்.

முதலில் என்ன புத்தகம், யார் எழுதினார்கள் என்று எரிந்து விழுந்தார். உன் கடிதத்தை அவர் கையிலேயே கொடுத்தேன். முழுக்கப் படித்தார். கண்ணாடியைக் கழற்றி லோன்ஜியில் துடைத்துக்கொண்டே இருந்தார். அப்புறம் சொன்னார். அவர் சொன்னபடியே எழுதுகிறேன்.

"மொத நாளே அத மேசை மேல விரிச்சு வச்சுட்டானுங்க. நீல எழுத்து. கிறிஸ்டோபர் கையெழுத்துன்னு பாத்த ஒடனே தெரிஞ்சுபோச்சு. நாலு பேரும் இருக்கு, வீட்டு நம்பர்கூட இருக்கு. எங்கிட்ட அவனுங்களுக்கு என்னா தேவை? இத எழுதினவன் எங்கேன்னுதான் பத்தொம்பது நாளும் கேட்டானுங்க. தெரியாதுன்னு சொன்னேன்."

படகுத்துறை, படகுக்காரன், நீ போன வழி எல்லாம் அவருக்குத் தெரியும், கிறிஸ்டோபர். உன்னைப் படகேற்றிவிட்டதே அவர்தான்.

ஏன் என்னிடம்கூடச் சொல்லவில்லை என்று கத்தினேன். பக்கத்து வீட்டுக்குக் கேட்டிருக்கும், கேட்கட்டும். "அத்தை இருந்தாங்கல்ல. எம் மவன் யாருக்கும் கெடுதல் செய்யலன்னு ஒவ்வொரு நாளும் ஜெபமால உருட்டுறவங்ககிட்ட, உம் மவன் புத்தகத்தாலதான் குழந்தைவேலு செத்தான்னு எப்படிச் சொல்லுவேன்? அவங்க போனப்புறம் சொன்னா யாரு நம்புவா? தலான் புதுசா ஒரு கத கட்டுறான்ம்பாங்க. உனக்கும் ஒரே தம்பி" என்றார்.

எனக்கு உன் மேல் வருகிற கோபத்தைவிட அவர் மேல்தான் அதிகம் வந்தது. பதினைந்து வருஷம் ஒரே பாயில் படுத்திருந்த மனுஷன், தனியாக இதை வைத்துக்கொண்டிருந்திருக்கிறார். கோழிக்கூண்டுக் கதவில் அவர் பெயர் தலைகீழாகத் தொங்குவதைத் தினமும் பார்த்துக்கொண்டு.

இப்போது எழுந்து உட்கார முடியவில்லை. மூச்சு வாங்குகிறது. நாள் எண்ணிக்கொண்டிருக்கிறோம். நூர் பீவியின் மருமகன் அக்டோபர் கடைசியில் திரும்பி வருவார். அதற்குள் உன் கடிதம் பாங்காக்கில் அவர் கையில் இருக்க வேண்டும். நவம்பரில் அவர் போகவில்லையாம், அதை விட்டால் அடுத்த பயணம் டிசம்பர்தான்.

எழுது. இனி என்னிடம் எதையும் கேட்டுக்கொண்டிருக்காதே.

அக்கா


மில்பரி
2 அக்டோபர் 2003

அக்கா,

எழுதிவிட்டேன். கடையில் கார்பன் தாள் கிடைக்கவில்லை, இப்போது யாரும் வாங்குவதில்லையாம். மியூசியத்தில் ஒரு பழைய கட்டு இருந்தது, கேட்டு வாங்கினேன். மூன்று பிரதி எடுத்தேன். முதலாவது ரெங்கசாமி அண்ணனுக்கு. இரண்டாவது குழந்தைவேலுவின் அம்மாவுக்கு. மூன்றாவது உங்களுக்கு. அதில் இருப்பது இதுதான்:

"ரெங்கசாமி அண்ணனுக்கு. 1989 மார்ச்சில் என் அத்தான் சிங்கராயரைப் பற்றி நான் உங்களுக்கு எழுதியது உண்மை அல்ல. எங்கள் பெயர்களைப் போலீஸுக்குக் கொடுத்தது நான் எழுதிய பட்டியல். சரக்குச் சீட்டுப் புத்தகத்தில் எழுதி, இரண்டு பிரதியை எரித்துவிட்டு, மூன்றாவதை மறந்து அலமாரி மேல் விட்டுப்போனேன். அத்தான் எவர் பெயரையும் சொல்லவில்லை. நான் போன வழி தெரிந்தும் அடி வாங்கிக்கொண்டு சொல்லாமல் இருந்தார். குழந்தைவேலு இறந்ததற்கும், தங்கவேலுவும் பாரியும் ஏழு வருஷம் உள்ளே இருந்ததற்கும் காரணம் நான். இதை யார் கேட்டாலும் காட்டுங்கள். பழைய கடிதத்தை எத்தனை பேருக்குக் காட்டினீர்களோ அத்தனை பேருக்கும் காட்டுங்கள். கிறிஸ்டோபர்."

இங்கே எங்கள் ஆட்களிடமும் போன ஞாயிற்றுக்கிழமை சொன்னேன். யாரும் திட்டவில்லை. வெளியே வரும்போது யாரும் என்னோடு வரவில்லை. மெழுகுவத்தியை இனி வேறு யாராவது ஏற்றட்டும் என்று சொல்லிவிட்டேன்.

கம்பெனி வரலாற்றில் கெரிகனின் பக்கத்தைத் திருத்தி எழுதியாகிவிட்டது. குடித்திருந்தார் என்ற வரியை எடுத்துவிட்டோம். உத்தரவின் நகலைப் படமாகப் போடுகிறோம். ஆனால் அவர் ஆட்கள் யாரும் இப்போது இல்லை, சொல்லிக் கேட்க.

அத்தானிடம் படித்துக் காட்டுங்கள். இடது காதுப் பக்கம். விசா கிடைக்காது, கிடைத்தாலும் விமான நிலையத்திலேயே பிடிப்பார்கள். இல்லையென்றால் வந்து காலைப் பிடித்திருப்பேன்.

கிறிஸ்டோபர்


க்யிம்யிண்டைங்
23 நவம்பர் 2003

தம்பி,

உன் அத்தான் போய்விட்டார். நவம்பர் 8, காலை, மொஹிங்கா நூடுல்ஸ் விற்கிறவன் தெருவில் கூவிக்கொண்டு போன நேரம். நான் பக்கத்தில்தான் இருந்தேன்.

கடிதம் நவம்பர் 2 அன்று வந்தது. நான் படித்துக் காட்டுகிறேன் என்றேன், வேண்டாம் என்று கையை நீட்டினார். மூன்றாவது பிரதியை அவர் கையில் கொடுத்தேன். நீல எழுத்து. விரலை வைத்துத் தடவித் தடவிப் படித்தார். முடித்துவிட்டு, "கையெழுத்து மாறவே இல்ல பாரு. மூணாவது தாளு வரைக்கும் எறங்கணும்னு அழுத்தி அழுத்தி எழுதுறான்" என்றார். அதைத் தலையணைக்கு அடியில் வைத்துக்கொண்டார்.

ரெங்கசாமியிடம் நானே கொண்டுபோய்க் கொடுத்தேன். வாசலில் நின்றபடியே படித்தார். உள்ளே போய் பிளாஸ்டிக் உறையோடு பழைய கடிதத்தை எடுத்துவந்து என் கையில் வைத்தார். என் முகத்தைப் பார்க்கவில்லை. மறுநாள் தங்கவேலு வந்தான். அத்தான் கட்டிலுக்குப் பக்கத்தில் ஒரு மணி நேரம் உட்கார்ந்திருந்தான். எழுந்து போகும்போது, "அண்ணே, சவரம் பண்ணி விடவா?" என்று கேட்டு, பண்ணிவிட்டுப் போனான். அப்துல் பாரி தினமும் இரண்டு வேளையும் வந்தான்.

குழந்தைவேலுவின் அம்மா கதவைத் திறக்கவில்லை. கடிதத்தை வாசல் இடுக்கில் வைத்துவிட்டு வந்தேன். படித்தார்களா என்று தெரியாது. உன்னிடம் மறைக்காமல் எழுதுகிறேன்.

உன்னை மன்னித்துவிட்டேனா என்று நீ கேட்கவில்லை, நல்லது. எனக்கே தெரியவில்லை. ஒரு நாள் ஆமாம் என்று தோன்றுகிறது, ஒரு நாள் கோழிக்கூண்டைப் பார்க்கிறேன். ஆனால் நீ பின்வாங்கினாய். அதை நான் சொல்லித்தான் ஆக வேண்டும்.

அடக்கப் பூசைக்குக் கோயில் நிறைந்திருந்தது. எங்கள் பெஞ்சில் இடம் இல்லாமல் ஷாரோன் நின்றாள். பெட்டி தூக்க தங்கவேலு, அப்துல் பாரி, ரெங்கசாமி, நூர் பீவியின் மருமகன், உன் அத்தானோடு வேலை பார்த்த பழைய டைப்பிஸ்ட் ஒருவர் என்று ஐந்து பேர் முன்னால் வந்தார்கள். பின்னாலிருந்து இன்னும் நாலைந்து பேர் எழுந்தார்கள். நான் கை காட்டி உட்காரச் சொன்னேன். "ஆறாவது ஆள் யாருமா?" என்று சாமியார் கேட்டார். "அது எந் தம்பி எடம், சாமி. வேற யாரும் நிக்க வேணாம்" என்றேன். ஐந்து பேர் எப்படித் தூக்குவது என்று அவர் தயங்கினார். ஷாரோன் போய் அந்த இடத்தில் தோள் கொடுத்தாள்.

அவளுக்கு உயரம் போதாது. கோயில் வாசலிலிருந்து கல்லறை வரைக்கும் பெட்டி உன் பக்கம் சாய்ந்தே போனது.

அக்கா